தூங்காபுரிக்குக் கடைசி நாள்

அத்தியாயம் 5

காணாமல் போனவனைத் தேடப் புறப்படுமுன் முதலில் சந்தேகப்பட வேண்டிய ஆள், "ஐயோ காணோமே" என்று அழுகிற ஆள்தான். முப்பது வருஷம் காக்கி போட்டு ரிட்டையரான ஏட்டு சுப்பராயன் கற்றுக்கொண்டது இது ஒன்றுதான். மீதியெல்லாம் சல்யூட் அடிக்கக் கற்றது.

ஆகையால் கோவிந்தம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்தபோது அவர் இரக்கப்படவில்லை. அவளுடைய வாயைத்தான் பார்த்தார். அழுகிறபோதும் அந்த வாய் வெற்றிலையை விடாமல் மென்றுகொண்டிருந்தது.

"பொழுது சாயறதுக்குள்ள கண்டுபுடிச்சிக் குடுங்க ஐயா. இன்னிக்கு உட்டா அந்த மனுசன் உசுரோட இருக்க மாட்டாரு."

"அவன் உனக்கு இன்னாம்மா வேணும்?"

"ஒண்ணும் வேணாங்க. குடித்தனக்காரரு."

சுப்பராயனின் பின்னாலிருந்து ஹயாத் பாஷா எட்டிப் பார்த்தான். சைக்கிள் கடையை மூடிவிட்டு, ஓர் ஓட்டை ராஜ்தூத் மோட்டார் சைக்கிளோடு அவரிடம் வந்து சேர்ந்த உதவியாளன். வாய்க்கு மட்டும் பிரேக் கிடையாது.

"குடித்தனக்காரனுக்கு அழுவுற ஊட்டுக்காரியா! ஏட்டய்யா, இந்தம்மாவை மியூசியத்துல வெக்கணும். என் ஊட்டுக்காரன் நான் செத்தா கதவுக்குப் புதுசா பெயின்ட் அடிப்பான்."

"சும்மா இரு பாஷா."

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைக்குப் பின்னால், வரிசையாக ஓடு போட்ட அறைகள். எல்லாம் கோவிந்தம்மாவின் செத்துப்போன புருஷன் கட்டியது. கடைசி அறையில் குப்புராஜ். பழவேற்காட்டு ஏரியில் மீன் பிடிக்கும் குடும்பத்தில் பிறந்து, வலையும் வேண்டாம் பங்காளிச் சண்டையும் வேண்டாம் என்று இரும்பு உருக்கும் மில்லுக்கு வந்த ஆள். நிரந்தரமாக நைட் ஷிஃப்ட். முந்தாநாள் காலை வேலை முடிந்து மில் கேட்டை விட்டு வெளியே வந்தவன், அறைக்கு வந்து சேரவில்லை.

அவனோடு அந்த அறையில் இன்னொருவனும் குடியிருந்தான். ஆசீர்வாதம், நாகர்கோவில் பக்கத்து ஆள், கெமிக்கல் கம்பெனியில் பகல் ஷிஃப்ட். பேட்டையில் இது சாதாரணம். ஒரு அறை, ஒரு பாய், இரண்டு ஆள். ஒருத்தன் எழுந்து போன சூட்டில் இன்னொருத்தன் வந்து படுப்பான்.

"ரெண்டு பேரும் ஒண்ணா உள்ள இருக்கக் கூடாதுன்னு கண்டிசன் போட்டுத்தாங்க ஊடு குடுத்தேன். ஒண்ணா இருந்தா குடிப்பானுங்க, அடிச்சிக்குவானுங்க. ஒருத்தரு போயி அரை மணி கழிச்சித்தான் இன்னொருத்தரு வரணும். சாவி நடுவுல என்கிட்ட இருக்கும். லீவு நாள்ல எங்கியாச்சும் போயிடணும்."

"அப்ப ரெண்டு பேரும் பாத்துக்கினதே இல்லியா?"

"மூஞ்சி தெரியாதுங்க. ரெண்டு வருசமா."

சுப்பராயன் உள்ளே போனார். சுவரில் இரண்டு ஆணி, ஆணிக்கு ஒரு சட்டை. மாடத்தில் இரண்டு அலுமினிய டம்ளர். இவ்வளவுதான் இரண்டு ஆண்களின் சொத்து. அந்த அறையில் மனுஷன் இருந்த வாசனையே இல்லை, தூங்கிய வாசனைதான் இருந்தது. தன்னுடைய அறையும் இப்படித்தான் இருக்கும் என்று அவருக்கு ஒரு நினைப்பு வந்தது. அதை உடனே தள்ளினார்.

எதிர்ச் சுவரைப் பார்த்ததும் பாஷாவின் வாய் கொஞ்ச நேரம் நின்றது. அது அபூர்வம்.

சுவர் முழுக்கக் கட்டம் கட்டமாக ஒரு காலண்டர். சிவகாசிக் காலண்டர் அல்ல. உலகத்தில் எந்த ஊருக்கும் இல்லாத காலண்டர். மேலே கரித்துண்டால் கோணல் மாணலாக எழுதியிருந்தது: தூங்காபுரி. அதற்குக் கீழே அந்த ஊரின் சட்டங்கள்.

தூங்காபுரியில் எப்போதும் யாராவது ஒருத்தர் முழித்திருப்பார்.

பூட்டுத் திறந்தால் நாள் பிறக்கும். சூரியனைக் கேட்க வேண்டாம்.

ஞாயிற்றுக்கிழமை கிடையாது.

மாதங்களுக்கும் சொந்தப் பெயர்தான். மில்லின் புகை ஜன்னலுக்குள் வரும்போது கரிக்காற்று மாதம். ஏரிப் பக்கத்திலிருந்து காற்று திரும்பினால் உப்புக்காற்று மாதம். ஏரிக்குப் பூநாரைகள் வந்து இறங்கினால் பூநாரை மாதம். ஒவ்வொரு நாளும் ஒரு கட்டம். கட்டத்தின் குறுக்கே ஒரு கோடு. கோட்டுக்கு மேலே கரியால் ஒருவன் கிறுக்கியிருந்தான். கீழே வெள்ளையாக இன்னொருவன். மழை, மீன், உடைந்த செருப்பு, ஜுரத்துக்கு ஒரு போர்வை. ஒருவன் தன் நாளைச் சொல்ல, மற்றவன் அதற்குக் கீழே தன் நாளைச் சொல்லியிருந்தான்.

"இது இன்னா ஏட்டய்யா, ரெண்டு பேரும் சுவத்துலயே குடும்பம் நடத்தி இருக்கானுங்க! இந்த ஊர்ல சம்பள நாள் போடலியே. அப்ப நம்ம ஊரு மாதிரிதான்."

கடைசி வரிசையின் கடைசிக் கட்டம் மட்டும் பெரியது. அதில் நீளமாக ஓர் ஆறு. ஆற்றின் இரு கரையிலும் ஆளுக்கொரு பொம்மை மனிதன், எதிரும் புதிருமாக. மேலே 'எதிர்ப்படும் நாள்' என்று எழுதியிருந்தது. அதற்கப்புறம் கட்டமே இல்லை. வெறும் சுவர்.

"அதாங்க," என்றாள் கோவிந்தம்மா. குரல் உடைந்தது. "அத்தோட முடியுது. எந்த ஆறுன்னு புரியலீங்க, ஆனா அது இன்னிக்குதாங்க."

சுப்பராயன் விரலால் எண்ணிப் பார்த்தார். கடைசியாகக் கிறுக்கியிருந்த கட்டம் முந்தாநாளுடையது, அதிலும் கீழ்ப் பாதி மட்டும். அதற்குப் பிறகு இரண்டு வெறுங்கட்டம், ஒன்றின் மூலையில் ஒரு புள்ளி, அப்புறம் படம். நேற்று, இன்று, நாளை.

"நாளைக்குத்தானே வருது?"

"இல்லீங்க, இன்னிக்குதான்."

"எப்படி?"

அவள் வெற்றிலையை ஒதுக்கினாள். "மனசுக்குத் தோணுதுங்க."

மனசுக்குத் தோன்றுகிறதாம். இந்தப் பதிலை சுப்பராயன் லாக்கப்பில் நிறையக் கேட்டிருக்கிறார். சுவர் அருகே போய் வெள்ளைக் கிறுக்கல்களைக் கட்டை விரலால் தேய்த்தார். மேல் வரிசைகளில் உள்ளவை மாவாக உதிர்ந்தன. கீழ் வரிசைகளில் உள்ளவை உதிரவில்லை. அப்பிக்கொண்டிருந்தன. பிறகு ஆசீர்வாதத்தின் ஆணியில் தொங்கிய சட்டையைத் தொட்டார். தோள் பட்டையில் கரி படிந்து, விரல் பட்ட இடம் வெள்ளையாகத் தெரிந்தது.

"ஆசீர்வாதம் எங்க?"

"வேலைக்குப் போயிருக்காருங்க," என்றாள் கோவிந்தம்மா, கொஞ்சம் சீக்கிரமாகவே.

போட்டுக் கழற்றுகிற சட்டையில் எவனுக்கும் தோளில் கரி படியாது. இவள் பொய் சொல்கிறாள். எதற்கு என்றுதான் தெரியவில்லை.

கெமிக்கல் கம்பெனி கேட்டுக்கு எதிரே ஆரோக்கியமேரியின் டீக்கடை. கேட்டுக்குள் போய்க் கேட்டால் 'லெட்டர் இருக்கா' என்பான். டீக்கடையில் லெட்டர் கேட்க மாட்டார்கள்.

"ஆசீர்வாதமா?" என்றாள் மேரி, கிளாஸைக் கழுவிக்கொண்டே. "அவரு செத்து அஞ்சு மாசம் ஆவுதே அண்ணே. மஞ்சக்காமாலைன்னு ஊருக்குப் போனவரு அங்கியே போயிட்டாரு. அவுங்க அண்ணன் வந்து பொட்டியைத் தூக்கிக்கினு போனாரே. எங்க கோயில்லகூட ஜெபம் பண்ணோம்."

பாஷா டீயை வாயில் வைத்தபடியே நின்றான். "செத்தவன் முந்தாநாளு வரைக்கும் காலண்டர் எழுதி இருக்கானே! உசுரோட இருக்கற நானே ஒரு கடுதாசு எழுதறதில்ல."

"குப்புராஜ்னு ஒருத்தன் இங்க வந்தானா?" என்றார் சுப்பராயன்.

மேரி கிளாஸைக் கீழே வைத்தாள். "பேர் தெரியாது. முந்தாநாளு காலையில கரி மூஞ்சியோட ஒருத்தரு வந்தாரு. கையில புது துண்டு. 'ஆசீர்வாதம் எப்பிடி இருப்பாரு, ஒசரமா குள்ளமா, அடையாளம் சொல்லுக்கா, அவரை நான் பாக்கணும்'னாரு. 'ஒரே பாயில படுக்கறோம், மூஞ்சி தெரியாது'ன்னு சிரிச்சாரு. நான் பாவி, படக்குனு விசயத்தைச் சொல்லிட்டேன்."

"அழுதானா?"

"இல்லியே. டீயை முழுசா குடிச்சாரு. நாஷ்டா வேணுமான்னு கேட்டேன், காதுலயே வாங்கல. 'அப்ப யாரு?'ன்னு ஒரே வார்த்தை கேட்டாரு. எனக்கு ஒண்ணும் புரியல. துண்டைத் தோள்ல போட்டுக்கினு போயிட்டாரு."

ஆக, குப்புராஜுக்கு இந்த உலகத்தில் இருந்த ஒரே சிநேகிதன், பார்க்கும் முன்னாலேயே செத்துப் போய்விட்டான். அதைத் தெரிந்துகொண்டவன் அறைக்குத் திரும்பவில்லை. காலண்டரோ இன்றைக்கோ நாளைக்கோ முடிகிறது. சுப்பராயன் டீயைப் பாதியில் வைத்தார்.

"பழவேற்காட்டுக்கு வண்டியை உடு பாஷா. படத்துல ஆறு இருக்குது. மீன்புடிச்ச பய தண்ணியைத்தான் தேடுவான்."

பாஷா நகரவில்லை. பெஞ்சில் சிந்தியிருந்த டீயைத் தொட்டு அந்தப் படத்தை வரைந்து பார்த்துக்கொண்டிருந்தான். "ஏட்டய்யா, எங்க அத்தா அந்த ஏரிக்கரையிலதான் கருவாட்டு மண்டி வெச்சிருந்தாரு. அந்தத் தண்ணி எனக்குத் தெரியும். ஆத்துக்கு நடுவுல குறுக்குக் குறுக்கா கோடு போட்டு இருந்தானே, பாத்தீங்களா? ஏணி மாதிரி. ஆத்துல படுக்கப் போட்ட ஏணி! எவன்யா ஏணியில எறங்கிக் குளிப்பான்? நீச்சல் தெரியாத பணக்காரனா?"

சுப்பராயன் ஈரப் படத்தையே பார்த்தார். இரண்டு நீளக் கோடு. நடுவே குறுக்குக் கோடுகள்.

"அது ஆறு இல்லடா," என்று எழுந்தார். "தண்டவாளம்."

தண்டவாளம் என்றதும் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்க்கவில்லை. சாக நினைக்கிறவன் அங்கே எதற்குப் போவான் என்று சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பாஷா உதைத்த உதையில் ராஜ்தூத் முதல் தடவையிலேயே கிளம்பியது.

கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனில் டிக்கெட் கொடுக்கிற இராமலிங்கம் மூக்குக் கண்ணாடியைத் தூக்கி யோசித்தார். "கரி மூஞ்சி, தோளில் துண்டு. முந்தாநாளே இங்கே பெஞ்சுல படுத்திருக்கப் பாத்தேன். இன்னைக்குக் காலையில ஆரம்பாக்கம் போனார். ரெண்டு டிக்கெட் வாங்கினார். ஒருத்தர்தானே இருக்கீங்கன்னேன். 'அந்தப் பக்கத்துக்கு ஒண்ணு'ன்னார்."

"இன்னிக்கா? நல்லாத் தெரியுமா?"

"நேத்து நான் லீவு. அப்ப இன்னைக்குத்தானே!"

இன்றைக்கு. நாளைக்கு அல்ல. எண்ணியது சுப்பராயன், தப்பு செய்ததும் சுப்பராயன். எண்ணாமலே சொன்னவள் சரியாகச் சொல்லியிருந்தாள். அவர் பாஷாவைத் தனியே இழுத்தார்.

"வடக்க போற பாசஞ்சர் வருது. நான் ஆரம்பாக்கத்துக்கு அதுல போறேன். நீ திரும்பிப் போயி கோவிந்தம்மாவை வண்டியில ஏத்திக்கினு நேரா அங்க வா."

"அந்தம்மாவையா? ராஜ்தூத்லயா? ஏட்டய்யா, ஊரே பாக்கும். எனக்கு நிக்காஹ் ஆவாமப் போயிடும்."

"வரமாட்டேன்னா ஒண்ணே ஒண்ணு கேளு. 'உன் விரல்ல இன்னா'ன்னு கேளு."

"விரல்ல இன்னா?"

"நீ கேளு. போதும்."

ஆரம்பாக்கத்தில் இறங்கியவர் சுப்பராயன் ஒருவர்தான். வண்டி போனதும் காதில் ஒன்றுமில்லை. இரண்டு பக்கமும் அறுத்த வயல். காற்று மட்டும் பிளாட்பாரத்தில் காய்ந்த சருகை இழுத்துப் போட்டு விளையாடியது. இப்படி ஓர் இடத்தை ஒருவன் தேடிக் கண்டுபிடித்திருக்கிறான் என்றால் அவனுக்கு மனுஷர்கள் அவ்வளவு பயம், அவ்வளவு ஆசை.

எதிர்ப் பிளாட்பாரத்தின் விளிம்பில் குப்புராஜ் நின்றிருந்தான். நாற்பது வயதிருக்கும். குளித்து, தலை சீவி, துண்டை மடித்துக் கையில் வைத்திருந்தான். கல்யாணத்துக்கு வந்தவன் போல.

சுப்பராயனைக் கண்டதும் அவன் ஓர் அடி முன்னால் வந்தான். செருப்பின் நுனி பிளாட்பாரத்துக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

"நீதானா?" என்று கத்தினான்.

அந்த ஒரு வார்த்தையில் இருந்த ஆசை சுப்பராயனைக் கலங்கடித்தது. அவரை யாரும் இப்படி எதிர்பார்த்து நின்று எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. ஆமாம் என்று சொல்லிவிடலாம். சொன்னால் ஆள் பிழைப்பான், கேஸும் முடியும்.

"நான் இல்ல!" என்று கத்தினார். பொய்யை முகர்ந்து முகர்ந்தே வயசாகிப் போனவருக்கு ஒரு பொய் வாயில் வரவில்லை. "நான் சுப்பராயன். உன்னைத் தேடி வந்திருக்கேன். அந்த ஓரத்தை விட்டுத் தள்ளி நில்லு. சாவறதுக்கு வயசு இல்ல உனக்கு."

"சாவறதா? யாரு சாவறா?" குப்புராஜ் எரிந்து விழுந்தான். "நான் ஆள் பாக்க வந்திருக்கேன்யா!"

"ஆசீர்வாதம் செத்துட்டான்னு தெரிஞ்சுமா?"

"செத்துட்டான். அப்ப அஞ்சு மாசமா அவன் பாதியை எழுதனது யாரு? நான் அதைத்தானே கேக்கறேன்! எழுதனவனுக்கு எதிர்ப்படும் நாளு எதுன்னு தெரியும். எடமும் நானே கரியால போட்டு வெச்சிருக்கேன், இந்தப் பக்கத்துல எதிரும் புதிருமா ஆளில்லாம கெடக்கற ஸ்டேசன் இது ஒண்ணுதானே. நான் ஊட்டுக்குப் போயி ஒளிஞ்சி நின்னு பாத்துப் புடிச்சிருக்கலாம். புடிச்சா திருடனைப் புடிச்ச மாதிரி ஆயிடும். தானா வரணும். அதான் போவாம இங்க வந்து நிக்கறேன்."

இவன் ஓடிப்போனவன் அல்ல. இவனும் அவரைப் போலத் தேடிக்கொண்டிருக்கிறவன். அவரைவிட மரியாதையாக.

"வரலேன்னா?"

குப்புராஜின் கண் தண்டவாளத்துக்குப் போனது. "மெட்ராஸ் மெயில் நிக்காம போவும். அது தாண்டுற வரைக்கும்தான் நாளு. வரலேன்னா தூங்காபுரியில ஒரே ஆளு. ஒரே ஆளுக்கு எதுக்குய்யா ஊரு?"

அப்போது அவனுடைய செருப்பு எங்கே இருக்கிறது என்று சுப்பராயன் மறுபடி பார்த்தார்.

"கேளு," என்றார், அவனை அசையவிடாமல் பேச்சில் பிடிக்க. "உன் கூட்டாளி சாக்பீஸுல எழுதுவான். கெமிக்கல் பீப்பாயில நம்பர் போடற சாக்பீஸு. தேய்ச்சா உதிருது. அஞ்சு மாசமா எழுதனது உதிரல. அது சுண்ணாம்பு. வெத்தலைக்குத் தடவிட்டு மிச்சத்தை விரலால சுவத்துல இழுப்பாங்களே, அந்தச் சுண்ணாம்பு."

குப்புராஜ் விழித்தான்.

"அவன் சட்டைன்னு ஒண்ணு ஆணியில தொங்குதே, அதை எவனும் போடல. நீ சந்தேகப்படக் கூடாதுன்னு மாட்டி வெச்சது. பேட்டையில பாதிப் பாய்க்கு நாயா அலையறானுங்க. அஞ்சு மாசமா பாதிப் பாயை எவனுக்கும் குடுக்காம காலியா போட்டு வெச்சிருக்காங்க. இன்னிக்கு இன்னா நாளுன்னு கேட்டேன். நான் எண்ணி நாளைக்குன்னேன். அவங்க எண்ணாமலே இன்னிக்குன்னாங்க."

"வெறுங்கட்டத்துல ஒண்ணு வேலை இல்லாத நாளு," என்றான் குப்புராஜ் மெதுவாக. "மூலையில புள்ளி வெச்சா அது கணக்குல சேராது. ஊர்க்காரங்களுக்குத்தான் தெரியும்."

"அதான். அவங்க உங்க ஊருதான்."

"ஊட்டுக்காரம்மாவா?" அவன் குரல் கிழிந்தது. "சாவியைத் திண்ணை மேல வெச்சிட்டு அந்தாண்ட திரும்பிக்குமே! இந்த ரெண்டு வருசத்துல என்கிட்ட நாலு வார்த்தை பேசினதில்ல!"

"பேசிக்கினுதான் இருந்திருக்காங்க. நீதான் வேற ஆளுன்னு நெனச்ச."

வடக்கே தண்டவாளம் முணுமுணுக்க ஆரம்பித்தது. கேட் மூடுகிற மணி அடித்தது. அந்தச் சத்தத்துக்குள்ளே ராஜ்தூத்தின் படபடப்பு சுப்பராயன் காதுக்குக் கேட்டதா, கேட்டது போல இருந்ததா என்று அவருக்கே தெரியவில்லை. குப்புராஜ் துண்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"பின்னால போடா!" என்று சுப்பராயன் கத்தியதை மெயில் விழுங்கியது.

பெட்டி பெட்டியாக ஓடியது. இடையிடையே தெரிந்த வெளிச்சத்தில் எதிர்ப்பக்கம் ஆள் இருக்கிறானா என்று அவர் கண்ணை இடுக்கிப் பார்த்தார். ஒன்றும் தெரியவில்லை. கடைசிப் பெட்டி போனபோது புழுதிதான் நின்றது.

புழுதி அடங்கியது. குப்புராஜ் நின்றுகொண்டிருந்தான். ஆனால் அவன் சுப்பராயனைப் பார்க்கவில்லை. அவருக்குப் பக்கத்தில் பார்த்தான்.

கோவிந்தம்மா மூச்சிரைக்க நின்றிருந்தாள். கொண்டை அவிழ்ந்து, புடவையெல்லாம் புழுதி. பின்னால் பாஷா. "விரலைக் கேட்டதும் கத்துவாங்கன்னு பாத்தேன் ஏட்டய்யா. வண்டியில ஏறிக் குந்திக்கினு, 'வெரசா உடு தம்பி'ன்னாங்க. ரோடு பூரா அதையேதான்."

இரண்டு பேரும் தண்டவாளத்துக்கு இரு கரையிலும் நின்றார்கள். சுவரில் வரைந்திருந்த அதே மாதிரி.

"ஏம்மா எழுதின?" என்றான் குப்புராஜ். அதில் கோபம்தான் இருந்தது. "அவன் செத்ததைச் சொல்லி இருக்கலாமில்ல? அஞ்சு மாசமா நான் செத்தவனுக்கு மழை போட்டுக்கினு, மீன் போட்டுக்கினு!"

"சொல்லத்தான் வந்தேன்," என்றாள் அவள். "அண்ணன்காரன் பொட்டியைத் தூக்கிக்கினு போன அன்னிக்கே. உள்ள வந்தா, 'ஜுரம் விட்டுச்சா'ன்னு போர்வைப் படம் போட்டு வெச்சிட்டு வேலைக்குப் போயிருந்த. கீழ்ப் பாதி காலியா இருந்திச்சி. காலியா இருந்தா நீ ஊட்டைக் காலி பண்ணிப் பூடுவேன்னு பயம். கையில சுண்ணாம்பு இருந்திச்சி. இழுத்துட்டேன்."

"சட்டை?"

"என் ஊட்டுக்காரரது. பொட்டியில மக்கிக்கினு கெடந்திச்சி."

"அவன் பாதி நாளு எழுத மறந்துடுவான், சோம்பேறி," என்றான் குப்புராஜ். "அஞ்சு மாசமா ஒரு நாளு தவறல. திருந்திட்டான்னு சந்தோசப்பட்டேன்." துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். தோள் குலுங்கியது. ஐந்து மாதத்துக்கு முன்னால் அழ வேண்டியதை அவன் அப்போதுதான் அழுதான்.

கோவிந்தம்மாவுக்குப் பொறுக்கவில்லை. புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு பிளாட்பாரத்தின் ஓரத்துக்குப் போனாள்.

"கடக்கக் கூடாது!" என்று குப்புராஜ் நிமிர்ந்து கத்தினான். "எதிர்ப்படும் நாள்ல பாத்துக்கத்தான் செய்யலாம். கடக்கறது சட்டம் இல்ல!"

"உங்க ரெண்டு பேரையும் பாத்துக்க உடாம சட்டம் போட்டது நானு," என்றாள் அவள். "போட்டதுக்குப் பட்டதெல்லாம் போதும்." அவள் கீழே குதித்தாள். கல்லில் தடுமாறி, ஒரு தண்டவாளம், இன்னொரு தண்டவாளம் என்று கடந்து, அந்தப் பக்கம் கையை நீட்டினாள். குப்புராஜ் கொஞ்ச நேரம் அந்தக் கையைப் பார்த்தான். பிறகு துண்டைக் கீழே விட்டு அவளைப் பிடித்து மேலே தூக்கினான்.

இரண்டு பேரும் தள்ளித் தள்ளித்தான் நின்றார்கள். ஆனால் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் புதுசாகப் பார்ப்பது போலப் பார்த்தார்கள்.

"முடிஞ்சிது ஏட்டய்யா," என்றான் பாஷா. "வண்டியில மூணு பேருக்குத்தான் எடம். நீங்க பாசஞ்சர்ல வந்துடுங்க. கும்மிடிப்பூண்டிக்குப் போற வண்டி இதோ சிக்னல்ல நிக்குது." அவன் அந்தப் பக்கம் போகச் சுற்றிக்கொண்டு ஓடினான்.

வண்டி வந்து சுப்பராயனின் பக்கம் நின்றது. அவர் கம்பியைப் பிடித்துக் காலைத் தூக்கினார். பெட்டிக்கு உள்ளே, அந்தப் பக்க ஜன்னல் வழியாகக் குப்புராஜின் குரல் வந்தது.

"அண்ணே! ஏட்டண்ணே! ஏறிடாதீங்க!"

"இன்னா?"

"ரெண்டு கரையிலயும் ஆள் இருந்தாத்தான் தூங்காபுரிக்குப் புது வருசம் பொறக்கும். இந்தம்மா இந்தாண்ட வந்துடுச்சி. அந்தாண்ட யாரும் இல்ல. வெளிச்சம் போற வரைக்கும் ஒருத்தரு நிக்கணும். நிப்பீங்களா?"

பைத்தியக்காரத்தனம். இல்லாத ஊர், இல்லாத வருஷம். சுப்பராயன் வாழ்க்கையில் பஞ்சாங்கத்தையே நம்பியவர் அல்ல.

கார்டு விசில் ஊதினார். வண்டி நகர்ந்தது. போனது. பிளாட்பாரத்தில் காலியாக இருந்த இடத்தில் அவர் நின்றுகொண்டிருந்தார்.

எதிர்க்கரையில் இருந்த இரண்டு பேரும் அவரைப் பார்த்தார்கள். கையை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியாமல் அவர் கொஞ்ச நேரம் விழித்தார். பிறகு சட்டைப் பொத்தானைச் சரி செய்துகொண்டு, வெளிச்சம் போகட்டும் என்று நேராக நின்றார்.